கேட்பாரற்ற பையின் மூன்று வாரம்

கருவிகள் போட்டுவைக்கும் துணிப்பை அது. தச்சரும் பிளம்பரும் எலெக்ட்ரீசியனும் தூக்கிக்கொண்டு போவார்களே, அந்த வகை. அமெரிக்காவில் எந்த ஹார்டுவேர் கடைக்குப் போனாலும் அலமாரியில் அடுக்கி வைத்திருப்பார்கள். இந்தப் பைக்குள் பூட்டிய உலோகப் பெட்டி ஒன்று இருந்தது. பெட்டிக்குள் இருந்தது நாட்டு வெடிகுண்டு. மூன்று வாரம் அது யாருக்கும் தெரியவில்லை. அந்த மூன்று வாரமும் பை இருந்தது ஓர் அரசுக் கட்டடத்தின் உள்ளே, துப்பாக்கி ஏந்திய காவலர்களின் பொறுப்பில்.

2011 பிப்ரவரி 26, சனிக்கிழமை. மிச்சிகன் மாநிலத்தின் டெட்ராய்ட் நகரில் பேட்ரிக் மெக்னமாரா கட்டடத்துக்கு வெளியே அந்தப் பை கிடந்தது. மிச்சிகன் அவென்யூவில் 27 மாடியாக எழுந்து நிற்கும் கான்கிரீட் கட்டடம் அது. மாநிலத்தின் செனட்டராக இருந்தவரின் பெயரைத் தாங்கி 1970-களிலிருந்து நிற்கிறது. அமெரிக்க மத்திய அரசின் பல அலுவலகங்கள் அங்கே இருந்தன. வருமான வரிக்காரர்கள், முன்னாள் ராணுவத்தினருக்கான உதவி அலுவலகம், வேலைவாய்ப்பில் பாகுபாடு குறித்துப் புகார் கேட்கும் ஆணையம், செனட்டர் கார்ல் லெவினின் அலுவலகம், 26-வது மாடியில் எஃப்.பி.ஐ. பென்ஷன் கேட்டு வருகிறவர், வரி நோட்டீஸோடு வருகிறவர், கைக்குழந்தையோடு வருகிற பெண் என்று பொதுமக்கள் தினமும் வந்து போகிற வாசல் அது.

பை எங்கிருந்து வந்தது என்பதைப் பின்னால் எஃப்.பி.ஐ. தேடிப் போனது. தேடல் போய் நின்ற இடம் மிச்சிகனின் மேல் தீபகற்பம், விஸ்கான்சின் எல்லையை ஒட்டிய அயர்ன் மவுண்டன், கிங்ஸ்ஃபோர்டு ஊர்கள். டெட்ராய்ட்டிலிருந்து சாலை வழியாக 700 கிலோமீட்டருக்கு மேல். காடும் ஏரியும் பழைய இரும்புச் சுரங்கங்களுமாக இருக்கும் பகுதி. எஃப்.பி.ஐ. மீது தீராத கோபம் கொண்டிருந்த ஒரு மனிதர் அந்த ஏப்ரலில் கைது செய்யப்பட்டார். அவரைப் பற்றி இங்கே மேலும் சொல்லப் போவதில்லை. மனக்குறையோடு ஒருவர் எந்த நாட்டிலும் எந்த ஊரிலும் இருப்பார். அவருக்கு ஒரு பையும் கிடைத்துவிடும். அதற்காகத்தானே வாசலில் காவல் போடுகிறோம். என் கவலை, பை வாசலுக்கு வந்த பிறகு நடந்ததைப் பற்றியது.

அன்று பணியில் இருந்த காவலர் ஒருவர் பையைப் பார்த்தார். எடுத்து உள்ளே கொண்டுவந்து வைத்தார்.

அவருடைய பணிவிதி சொல்வது நேர்மாறானது. கேட்பாரற்றுக் கிடக்கும் பொருளைத் தொடக்கூடாது, பக்கத்தில் இருப்பவர்களை விலக்க வேண்டும், மேலே தகவல் சொல்ல வேண்டும். அவர் ஏன் அப்படிச் செய்யவில்லை? கட்டடத்தில் வேலை செய்ய வந்த யாரோ மறந்துவிட்டுப் போன பை என்று நினைத்திருக்கக்கூடும். கருவிப் பையைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். சனிக்கிழமை, ஆள் நடமாட்டம் குறைவு, உரியவர் திங்கட்கிழமை தேடி வருவார் என்ற எண்ணம். தனி மனிதராக அவர் செய்தது இயல்பான காரியம். காவலராக அவர் செய்தது மன்னிக்க முடியாத பிழை. இந்த இரண்டுக்கும் உள்ள இடைவெளியை நிரப்பத்தான் பயிற்சி என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். அந்தப் பயிற்சியை அவருக்கு யார் கொடுத்தார்கள், கொடுத்ததை யார் சரிபார்த்தார்கள் என்று கேட்டுக்கொண்டே போனால், கதை அந்த வாசலை விட்டு வெகுதூரம் போகும்.

அந்தக் காவலர் அரசு ஊழியர் இல்லை. ஒரு தனியார் நிறுவனத்தின் ஆள். அந்த நிறுவனத்தோடு ஒப்பந்தம் போட்டிருந்தது ஃபெடரல் புரொடெக்டிவ் சர்வீஸ், சுருக்கமாக எஃப்.பி.எஸ். அமெரிக்க மத்திய அரசின் சுமார் 9,000 கட்டடங்களைக் காக்கும் அமைப்பு இது. வாஷிங்டனில் தலைநகரம் உருவானபோது அரசுக் கட்டடங்களுக்காக 1790-ல் அமர்த்திய ஆறு இரவுக் காவலாளிகளிடமிருந்து தன் வரலாற்றை இந்த அமைப்பு தொடங்குகிறது. இன்றைய பெயரில் இது உருவானது 1971-ல், அரசுக் கட்டடங்களின் உடைமையைப் பார்த்துக்கொள்ளும் பொதுச் சேவைகள் நிர்வாகத்தின் கீழ். செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பிறகு, 2003-ல், புதிதாகப் பிறந்த உள்நாட்டுப் பாதுகாப்புத் துறைக்கு மாற்றினார்கள். அங்கே குடிவரவு, சுங்க அமலாக்கப் பிரிவுக்குள் வைத்தார்கள். 2009-ல் வேறொரு பிரிவு. 2019-ல் இன்னொரு இடம். சட்டவிரோதக் குடியேற்றத்தைப் பிடிக்கிற அலுவலகத்துக்குள் கட்டடக் காவலை வைத்த அந்த ஆறு ஆண்டுகளில் எஃப்.பி.எஸ். மெலிந்துபோனது. 2004-ல் 1,400 பேர் அளவில் இருந்த ஊழியர் எண்ணிக்கை 2007-ல் 1,100 அளவுக்கு இறங்கியது. காக்க வேண்டிய கட்டடங்கள் குறையவில்லை. கடைசியில், குறைந்தது 1,200 பேராவது இருக்க வேண்டும் என்று நாடாளுமன்றமே சட்டத்தில் எழுத வேண்டியதாயிற்று.

ஆக, எஃப்.பி.எஸ். தன் சொந்த அதிகாரிகளால் வாசல்களைக் காப்பதில்லை. காப்பவர்கள் சுமார் 13,000 ஒப்பந்தக் காவலர்கள். சீருடை அவர்களுடையது, துப்பாக்கியும் அவர்களிடம். ஆனால் கைது செய்யும் அதிகாரம் இல்லை. பிடித்து நிறுத்திவைக்கலாம், அவ்வளவுதான். 2008-ல் வெளியான ஓர் அறிக்கையில் ஒரு சம்பவம் வருகிறது. ஒரு மணிக்கட்டில் மட்டும் விலங்கு மாட்டியிருந்த, சட்டை அணியாத ஒருவர் அரசுக் கட்டடத்தின் முன்கூடத்தில் ஓடுகிறார், எஃப்.பி.எஸ். அதிகாரி துரத்துகிறார், ஆயுதம் வைத்திருந்த ஒப்பந்தக் காவலர்கள் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கை வைத்தால் வழக்கு வருமோ, வேலை போய்விடுமோ என்று தயங்குகிற நிலையில் ஒருவரைத் துப்பாக்கியோடு நிறுத்துவது எனக்குப் புரியாத ஏற்பாடு.

கட்டடங்களுக்கு இவ்வளவு காவல் ஏன் வந்தது என்பதற்கு ஒரு தேதி உண்டு. 1995 ஏப்ரல் 19, காலை 9.02 மணி. ஓக்லஹோமா சிட்டியில் ஆல்ஃபிரட் முர்ரா அரசுக் கட்டடத்தின் முன்னால் வாடகை டிரக் ஒன்று நின்றது. அதற்குள் உரத்துக்குப் பயன்படும் அம்மோனியம் நைட்ரேட்டைக் கொண்டு தயாரித்த, இரண்டு டன்னுக்கு மேற்பட்ட வெடிபொருள். ஒன்பது மாடிக் கட்டடத்தின் முகப்பு அப்படியே சரிந்து விழுந்தது. 168 பேர் இறந்தார்கள். அவர்களில் 19 பேர் குழந்தைகள். இரண்டாம் தளத்தில் ஊழியர்களின் பிள்ளைகளுக்கான காப்பகம் இருந்தது. அந்த டிரக் தெருவில், கட்டடத்தை ஒட்டி, யாரும் கேட்காமல் நின்றது.

அதுவரை அமெரிக்க அரசுக் கட்டடங்களுக்கு நாடு முழுதும் பொருந்தும் பாதுகாப்பு அளவுகோலே கிடையாது. அதிபர் கிளின்டன் கேட்டுக்கொண்டதன் பேரில் நீதித்துறை சுமார் இரண்டே மாதத்தில் ஓர் அறிக்கை தயாரித்தது. கட்டடங்களை ஐந்து நிலைகளாகப் பிரித்து, 52 குறைந்தபட்சத் தேவைகளைப் பட்டியலிட்டது. வாகனம் நிறுத்தும் தூரம், ஜன்னல் கண்ணாடி, கேமரா, எக்ஸ்ரே இயந்திரம், பார்வையாளர் சோதனை எல்லாம் அதில் வந்தன. அதே ஆண்டு அக்டோபரில் எல்லாத் துறைகளும் சேர்ந்த பாதுகாப்புக் குழு ஒன்றை அதிபர் ஆணையால் அமைத்தார்கள். டெட்ராய்ட் வாசலில் எக்ஸ்ரே இயந்திரமும் உலோகம் காட்டும் நிலைச்சட்டமும் நின்றதற்குப் பின்னால் அந்த 168 பேரின் உயிர் இருக்கிறது. அதை நினைக்கும்போதுதான் டெட்ராய்ட் பையின் மேல் எனக்கு இவ்வளவு வருத்தம் வருகிறது.

இயந்திரங்கள் வந்தன. யார் பொறுப்பு என்ற கேள்விக்குப் பதில் வரவில்லை. கட்டடம் பொதுச் சேவைகள் நிர்வாகத்துக்குச் சொந்தம். காவல் எஃப்.பி.எஸ். பொறுப்பு. நிற்கிற ஆள் ஒப்பந்த நிறுவனத்துடையவர். எத்தனை காவலர் வேண்டும், எந்தக் கேமரா வாங்க வேண்டும் என்று முடிவு செய்வது, அந்தக் கட்டடத்தில் இயங்கும் அலுவலகங்களின் பிரதிநிதிகள் சேர்ந்த கட்டடப் பாதுகாப்புக் குழு. அந்தக் குழு ஓட்டுப் போட்டு முடிவு செய்யும். செலவையும் அவர்களே பங்கு போட்டுக்கொள்ள வேண்டும். குழுவில் உட்காருபவர் பெரும்பாலும் அந்தந்த அலுவலகத்தின் நிர்வாக அதிகாரி. பாதுகாப்பைப் பற்றிப் பயிற்சி இல்லாதவர், தன் துறையின் பணத்தை ஒதுக்கும் அதிகாரமும் இல்லாதவர். எஃப்.பி.எஸ். பரிந்துரை செய்யலாம், கட்டாயப்படுத்த முடியாது. எஃப்.பி.எஸ்.ஸுக்கு நேரடி நிதி ஒதுக்கீடும் இல்லை; அலுவலகங்கள் கட்டும் கட்டணத்தில்தான் அது நடக்கிறது. பை வந்த காலத்தில் அடிப்படைக் கட்டணம் ஆண்டுக்குச் சதுர அடிக்கு 66 சென்ட். காக்க வேண்டியவரே தான் காக்கும் ஆட்களிடம் கட்டணம் கேட்டு நிற்கும்போது, அவர்களிடம் கண்டிப்பாகப் பேச முடியுமா?

பைக்கு வருவோம். திங்கட்கிழமை வந்தது. உரியவர் வரவில்லை. மார்ச் பிறந்தது. மெக்னமாரா கட்டடத்துக்குள் வருகிற ஒவ்வொருவரும் கைப்பையை இயந்திரத்தின் பட்டையில் வைத்தார்கள், பெல்ட்டைக் கழற்றினார்கள், சில்லறையைத் தட்டில் போட்டார்கள். அவர்கள் உள்ளே போன அதே கட்டடத்தில், யாருடையது என்று தெரியாத பை இருந்துகொண்டிருந்தது. காவலர்கள் மாறி மாறிப் பணிக்கு வந்தார்கள். ஏற்கெனவே உள்ளே இருக்கிற பொருளின் மேல் புதிதாக வருகிறவருக்குச் சந்தேகம் வருவதில்லை. முன்னால் இருந்தவர் பார்த்திருப்பார் என்று நினைப்பார். ஒவ்வொரு பணிமாற்றமும் அந்தப் பையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டடத்துப் பொருளாகவே ஆக்கிவிட்டது.

26-வது மாடியில் எஃப்.பி.ஐ. இருந்தது. எஃப்.பி.ஐ.யின் ஒவ்வொரு மண்டல அலுவலகத்திலும் வெடிகுண்டைக் கையாளப் பயிற்சி பெற்ற முகவர்கள் உண்டு. பை யாரைக் குறிவைத்து வந்ததோ, அவர்களே அதைப் பார்த்தவுடன் சொல்லக்கூடியவர்கள். ஆனால் வாசல் அவர்கள் பொறுப்பில் இல்லை. அவர்களை யாரும் கூப்பிடவும் இல்லை. எஃப்.பி.எஸ்.ஸுக்கு அன்று நாடு முழுதும் நான்கு தகவல் மையங்கள் இருந்தன. அலாரங்களைக் கண்காணிப்பதும் அதிகாரிகளை அனுப்புவதும் அவற்றின் வேலை. அந்த நான்கில் ஒன்று அதே மிச்சிகன் மாநிலத்தில், பேட்டில் கிரீக் நகரில் இருந்தது. ஒரு தொலைபேசி அழைப்பு போதுமாயிருந்தது.

மார்ச் 18, வெள்ளிக்கிழமை. அன்றுதான் பையின் எக்ஸ்ரே படம், அதைப் படிக்கத் தெரிந்த கண்ணில் பட்டது. சந்தேகம் உறுதியானதும் காரியங்கள் விதிப்படி நடந்தன. டெட்ராய்ட் காவல்துறையின் வெடிகுண்டுப் பிரிவு வந்தது. பையை எடுத்துக்கொண்டு டெட்ராய்ட் ஆற்றின் நடுவே இருக்கும் பெல் ஐல் தீவுக்குப் போனார்கள். ஊர்க்காரர்கள் விடுமுறை நாளில் பிள்ளைகளோடு போகும் பூங்கா அது. அங்கே ஆளில்லாத இடத்தில் வைத்து வெடிக்கச் செய்தார்கள். மூன்று வாரமாக மத்திய அரசின் கட்டடத்துக்குள் இருந்த பொருளைக் கடைசியில் அகற்றியது நகரக் காவல்துறை.

யாருக்கும் காயமில்லை. இது அதிர்ஷ்டம். பாதுகாப்பு ஏற்பாட்டின் பெருமையாக இதைச் சொல்லிக்கொள்ள எஃப்.பி.எஸ்.ஸில் யாருக்கும் உரிமை கிடையாது.

துண்டு துண்டாகிப்போன பை, அதன் பிறகு காகிதத்தில் பயணம் செய்தது. சிதறல்கள் எஃப்.பி.ஐ.யின் கைக்குப் போய், அங்கிருந்து மேல் தீபகற்பத்துக் கடைகளுக்கு வழி காட்டின. இன்னொரு பக்கம், அந்த ஜூலையில் எஃப்.பி.எஸ். இயக்குநர் எரிக் பேட்டர்சன் பிரதிநிதிகள் சபையின் உள்நாட்டுப் பாதுகாப்புக் குழுவின் துணைக்குழு ஒன்றின் முன்னால் உட்கார்ந்து பதில் சொல்ல வேண்டியிருந்தது. உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையின் தலைமை ஆய்வாளர் அலுவலகம் தனியாக விசாரித்து, மிச்சிகன் காவல் ஒப்பந்தத்தைப் பற்றி 2012-ல் அறிக்கை வெளியிட்டது. ஒவ்வொரு துறைக்குள்ளும் இப்படி ஓர் ஆய்வாளர் இருக்கிறார். துறையில் இருந்தபடியே துறையின் குற்றத்தை நாடாளுமன்றத்துக்கு எழுதும் கடமை அவருக்கு உண்டு. அந்தக் கடமை இல்லாமல் இருந்திருந்தால், டெட்ராய்ட் பை ஒரு நாள் செய்தியோடு மறைந்திருக்கும்.

நாடாளுமன்றத்துக்காகத் தணிக்கை செய்யும் இன்னோர் அமைப்பு அரசுப் பொறுப்புடைமை அலுவலகம், ஜி.ஏ.ஓ. டெட்ராய்ட் நிகழ்ச்சிக்கு இரண்டு ஆண்டு முன்பே அது மணியடித்துவிட்டது. இதை நான் சற்று விரிவாகச் சொல்லியாக வேண்டும். 2009-ல் ஜி.ஏ.ஓ. ஆட்கள் கடைகளிலும் இணையத்திலும் வெடிகுண்டுக்கான பாகங்களை வாங்கினார்கள். மொத்தச் செலவு 150 டாலருக்கும் கீழே. ஆபத்து வராதபடி வெடிபொருளின் செறிவை மட்டும் குறைத்துக்கொண்டார்கள். நான்கு நகரங்களில் உயர்பாதுகாப்பு நிலையில் இருந்த பத்துக் கட்டடங்களின் சோதனைச் சாவடி வழியாகவே பாகங்களைக் கொண்டுபோனார்கள். பத்தில் பத்தும் உள்ளே போயிற்று. கழிவறையில் வைத்துப் பாகங்களைப் பொருத்தினார்கள். சில இடங்களில் கழிவறை பூட்டியிருந்தது. அங்கே வேலை பார்ப்பவர்களே திறந்துவிட்டார்கள். பிறகு கைப்பெட்டியில் அதை எடுத்துக்கொண்டு அலுவலகம் அலுவலகமாக நடந்தார்கள். நாடாளுமன்ற உறுப்பினர்களின் அலுவலகங்கள், நீதித்துறை அலுவலகங்கள், உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையின் அலுவலகங்களும் அவற்றில் உண்டு.

இது ஜோ லீபர்மேன் தலைமையில் இருந்த செனட் குழுவின் முன் 2009 ஜூலையில் சொல்லப்பட்டது. ஜி.ஏ.ஓ.வின் மார்க் கோல்ட்ஸ்டீன் மற்ற கண்டுபிடிப்புகளையும் அங்கே வைத்தார். வலிமாத்திரை போட்டுக்கொண்டு பணியிடத்தில் தூங்கிய ஆயுதக் காவலர். ஒரு மண்டலத்தில் 1,500 காவலர்களுக்கு 2004-லிருந்து எக்ஸ்ரே பயிற்சியே கொடுக்கப்படவில்லை. எல்லாவற்றையும் விட என்னை உலுக்கியது ஒரு குழந்தையின் சம்பவம். தூக்குக்கூடையில் இருந்த கைக்குழந்தையைக் காவலரின் கவனக்குறைவால் எக்ஸ்ரே இயந்திரத்துக்குள்ளேயே அனுப்பிவிட்டார்கள். காவலரை வேலையை விட்டு நீக்கினார்கள். அவர் வழக்குப் போட்டார். தனக்கு எக்ஸ்ரே பயிற்சி கொடுக்கவில்லை என்றார். கொடுத்ததற்கு எஃப்.பி.எஸ்.ஸிடம் ஒரு தாள்கூட இல்லை. அவர் ஜெயித்தார். அவர் ஜெயித்தது நியாயம்தான் என்பது என் கருத்து. கற்றுத்தராத வேலைக்கு அவரைத் தண்டித்துவிட்டுக் கற்றுத்தர வேண்டியவர்கள் நாற்காலியில் இருப்பது எந்த ஊர் நீதி? டெட்ராய்ட் காவலரைப் பற்றியும் நான் இதையேதான் சொல்வேன். அவர் பிழை செய்தார், சரி. அந்தப் பிழை இருபது நாள் நீடித்ததற்கு அவர் ஒருவர் காரணமாக முடியாது.

இத்தனைக்கும் பிறகு என்ன மாறியது? கட்டடங்களின் ஆபத்தை மதிப்பிடவும் காவலர்களின் பயிற்சிச் சான்றுகளைக் கணக்கில் வைக்கவும் எஃப்.பி.எஸ். ஒரு மென்பொருளை உருவாக்கிக்கொண்டிருந்தது. ஏறத்தாழ 3.5 கோடி டாலர் செலவழித்த பிறகு, 2011 ஜூனில், பை பிடிபட்டு மூன்று மாதத்தில், அதைக் கைவிட்டார்கள். 2013-ல் ஜி.ஏ.ஓ. 276 காவலர்களின் கோப்புகளைத் திறந்து பார்த்தது. 23 சதவீதக் கோப்புகளில் பயிற்சிக்கோ தகுதிச் சான்றுக்கோ இருக்க வேண்டிய தாள்கள் இல்லை. பணியிடத்துக்குக் காவலர் வந்தாரா, தகுதியோடு வந்தாரா என்று பார்க்க இன்னொரு கணினி ஏற்பாடு வந்தது. பல ஆண்டுகள் ஆகியும் அது ஒழுங்காக இயங்கவில்லை. காவலர் வராத நாட்களில் சில அரசு அலுவலகங்கள் பொதுமக்களுக்குக் கதவைத் திறக்க முடியாமல் போனதும் நடந்தது.

தணிக்கை செய்கிறவர்களின் கை எவ்வளவு தூரம் நீளும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஜி.ஏ.ஓ. பரிந்துரைக்கும், உத்தரவிட முடியாது. தலைமை ஆய்வாளரும் அப்படித்தான். உத்தரவிடக்கூடியது நாடாளுமன்றம். அதன் குழுக்கள் கூடும்போது கேமராக்கள் வருகின்றன, கடுமையான கேள்விகள் வருகின்றன, அடுத்த வாரம் வேறு செய்தி வந்துவிடுகிறது. கட்டணத்தை நம்பி நடக்கும் நிலை அப்படியே இருக்கிறது, ஓட்டுப் போடும் குழு அப்படியே இருக்கிறது, வாசலில் நிற்பவர் ஒப்பந்தக்காரரின் ஆளாகவே இருக்கிறார். இந்த மூன்றில் ஒன்றையாவது நாடாளுமன்றம் துணிந்து மாற்றாதவரை புதிய மென்பொருளாலும் புதிய பயிற்சிக் கையேட்டாலும் பெரிய பயன் இருக்காது என்றே நான் நினைக்கிறேன். 2024-ல் ஜி.ஏ.ஓ. மறுபடியும் தன் ஆட்களை மறைமுகமாக அனுப்பியது. தடியும் மிளகு ஸ்பிரேயும் கத்தி உள்ள பல்பயன் கருவியும் பைகளில் போயின. நடத்தியது 27 சோதனைகள். ஏறத்தாழ பாதியில் காவலர்கள் எதையும் கண்டுபிடிக்கவில்லை.